கைமாவும் இலவம்பாடிக் கத்தரிக்காயும் வைத்துச் சுட்ட பாஸ்தா

ஓவனில் வைத்துச் சுடும் பாஸ்தாவைப் பற்றி இரண்டு குறைகள்தான் பெரும்பாலும் காதில் விழுகின்றன. மேலே சீஸ் பொன்னிறமாக உருகியிருந்தும் உள்ளே பாஸ்தா வறண்டு தொண்டையில் நிற்கிறது என்பது ஒன்று. கரண்டியை விட்டதும் தட்டின் அடியில் சிவப்புத் தண்ணீர் தேங்கிவிடுகிறது என்பது மற்றொன்று. இரண்டுக்கும் ஓவனின் மேல் பழி போடுவது வழக்கமாக இருந்தாலும், உண்மையில் தட்டு உள்ளே போவதற்கு முன்பே தக்காளியிலும் கறியிலும் கத்தரிக்காயிலும் பாஸ்தாவிலும் எவ்வளவு ஈரம் மிச்சமிருக்கிறது என்பதுதான் முடிவைத் தீர்மானிக்கிறது. ஓவன் புதிதாக எதையும் சமைப்பதில்லை. ஏற்கனவே சமைத்தவற்றை ஒன்றாகப் பிடித்து, மேற்பரப்பைச் சிவக்க வைக்கிறது, அவ்வளவுதான். ஆகவே வேலூர் சத்துவாச்சாரியில் எங்கள் வீட்டுச் சமையலறையில் ஒரு ஞாயிற்றுக்கிழமை ஏழெட்டுப் பேருக்காகச் செய்த ஒரு பெரிய தட்டின் கதையை, ஒவ்வொரு பொருளின் ஈரத்தையும் எப்படிக் கட்டுப்படுத்தினேன் என்ற வரிசையிலேயே எழுதுகிறேன்.

இத்தாலியில் 'பாஸ்தா அல் ஃபோர்னோ' என்ற பொதுப்பெயரில் அடங்கும் இந்த உணவு ஊருக்கு ஊர் மாறுகிறது. வடக்கே போலோஞ்ஞாவில் முட்டை சேர்த்துப் பிசைந்த தகடுகளை அடுக்கி, நடுவே கறிச் சாஸும் வெள்ளை சாஸும் பூசி லசான்யா செய்கிறார்கள். அந்தக் கறிச் சாஸுக்கு இதுதான் முறை என்று இத்தாலியச் சமையல் அகாதெமி 1982 அக்டோபர் 17 அன்று போலோஞ்ஞா வணிகச் சபையில் ஒரு செய்முறையைப் பதிவே செய்து வைத்தது. தெற்கே போகப் போகத் தக்காளி கூடுகிறது, தகட்டுக்குப் பதிலாகக் கடையில் வாங்கும் உலர்ந்த குழல் பாஸ்தா வருகிறது, நடுவே வறுத்த கத்தரிக்காயும் அவித்த முட்டையும் நுழைகின்றன. பலெர்மோவில் சிறு வளையங்களாக இருக்கும் பாஸ்தாவை வைத்துச் செய்கிறார்கள். அதே சிசிலித் தீவின் மெசினா நகரத்தில் 'பாஸ்தா இன்காஷாதா' என்ற பெயரில் கறி, கத்தரிக்காய், முட்டை, சீஸ் எல்லாவற்றையும் சேர்த்துச் சுடுவது ஞாயிற்றுக்கிழமைக்கும் பண்டிகைக்கும் உரிய சமையல்.

நான் பின்பற்றியது இந்த மெசினா வழி. ஆம்பூர் பிரியாணியோடு எண்ணெய்க் கத்தரிக்காய் வைத்துச் சாப்பிட்டுப் பழகிய வட ஆர்க்காட்டு நாக்குக்கு, கறியும் கத்தரிக்காயும் சேர்வதைப் பற்றி யாரும் பாடம் சொல்லத் தேவையில்லை. கத்தரிக்காய் நம் பக்கத்திலிருந்துதான் அரபு வணிகர்கள், குடியேறிகள் வழியாகச் சிசிலிக்குப் போனது என்பதையும் நினைத்துக்கொண்டால், சமையலறையில் அந்நியமாக இருக்கும் பொருள் சீஸ் ஒன்றுதான்.

தக்காளியிலிருந்து தொடங்குகிறேன், ஏனென்றால் நேரத்தை விழுங்குவது அதுதான். நேதாஜி மார்க்கெட்டில் நாட்டுத் தக்காளியும் பெங்களூர்த் தக்காளியும் பக்கத்துப் பக்கத்துக் கூடைகளில் இருக்கும். இத்தாலியர்கள் சாஸுக்கு விரும்பும் நீள்வாட்டத் தக்காளிக்குச் சதை அதிகம், விதையும் சாறும் குறைவு. அதற்கு நெருங்கியது பெங்களூர்த் தக்காளி. ஆனால் அதற்குப் புளிப்புப் போதாது. நாட்டுத் தக்காளிக்குப் புளிப்பு உண்டு, சாறும் அதிகம். ஒரு கிலோ பெங்களூர்த் தக்காளிக்கு அரைக் கிலோ நாட்டுத் தக்காளி என்று கலந்துகொண்டால், ஒயின் ஊற்றாத சாஸில் குறையக்கூடிய புளிப்பு தானாகவே வந்துவிடுகிறது. சிலுவைக் கீறல் போட்டுக் கொதிநீரில் அரை நிமிடம் விட்டு, தோலை உரித்து, கையாலேயே பிசைந்து வைத்தேன். மிக்சியில் அரைத்தால் காற்று புகுந்து நிறம் வெளிறிவிடும், விதையும் உடைந்து கசக்கும்.

தக்காளியின் எடையில் ஏறத்தாழ 94 சதவீதம் தண்ணீர். ஒன்றரைக் கிலோவை அப்படியே ஊற்றினால் ஒரு லிட்டருக்கு மேல் தண்ணீரைத் தட்டுக்குள் ஊற்றியதாகத்தான் பொருள். அதை ஏறக்குறைய 700 கிராமுக்குக் குறுக்க வேண்டும். கண்ணளவில் சொல்வதானால், கரண்டியால் பாத்திரத்தின் அடியில் ஒரு கோடு இழுத்தால் அந்தக் கோடு உடனே மூடிக்கொள்ளாமல் இரண்டு மூன்று நொடி திறந்து நிற்க வேண்டும், ஓரங்களில் எண்ணெய் பிரிந்து ஆரஞ்சு நிறத்தில் தெரிய வேண்டும்.

கறிக்கு வழக்கமான கடைக்கே போனேன். இயந்திரத்தில் அரைத்த கைமா வேண்டாம் என்றதும் கடைக்காரர் சிரித்தார்.

"கத்தியில கொத்தித் தரணுமா சார்? கொஞ்சம் லேட்டாகும், பரவாயில்லையா?"

"பரவாயில்ல பாய். தொடைக்கறியும் கழுத்துக்கறியும் கலந்து அரைக்கிலோ. கொழுப்பு ஒரு அம்பது கிராம் சேர்த்தே கொத்திடுங்க, ஆடு ரொம்ப வத்தலா இருக்கும்."

"கோலாவுக்கா?"

"இல்ல பாய், பாஸ்தாவுக்கு."

அவர் மறுகேள்வி கேட்கவில்லை. கத்தியால் கொத்திய கறியில் ஒவ்வொரு துணுக்கும் மிளகளவாவது இருக்கும். இரண்டு மணி நேரம் சாஸில் கொதித்த பிறகும் அது பல்லில் தெரியும். இயந்திரக் கைமா அந்நேரத்துக்குள் கரைந்து குழம்போடு குழம்பாகிவிடுகிறது. கொழுப்பைக் கேட்டு வாங்கியதற்கும் காரணம் உண்டு. இத்தாலியர்கள் மாட்டிறைச்சியோடு பன்றியின் கொழுப்பு நிறைந்த வயிற்றுப் பகுதியைச் சேர்ப்பார்கள். வெள்ளாட்டுக் கறியில் அப்படிக் கொழுப்புக் கிடையாது, சேர்க்காவிட்டால் சாஸ் மணல்போல் இருக்கும்.

அடிகனமான அகன்ற சட்டியில் நான்கு மேசைக்கரண்டி எண்ணெய் விட்டு, பொடியாக நறுக்கிய பெரிய வெங்காயம் இரண்டு, கேரட் ஒன்று, செலரித் தண்டு ஒன்று மூன்றையும் இளந்தீயில் வதக்கினேன். செலரியை ஃப்ரைடு ரைஸ் கடைக்காரர்களுக்காகச் சில காய்கறிக் கடைகள் வரவழைக்கின்றன. கிடைக்காவிட்டால் விட்டுவிடலாம், மல்லித்தண்டைப் போட்டு ஈடுகட்ட முயல வேண்டாம், மணம் வேறு திசைக்குப் போய்விடும். காய்கள் நிறம் மாறாமல் தளர்ந்ததும் அவற்றை ஒரு தட்டில் எடுத்து வைத்துவிட்டு, அதே சட்டியைப் பெருந்தீயில் காயவைத்துக் கைமாவைப் போட்டேன்.

இங்கேதான் பொறுமை வேண்டும். கறி முதலில் தண்ணீர் விடும்; சட்டி முழுவதும் சாம்பல் நிறத்தில் தளதளவென்று கொதிக்கும். அந்தத் தண்ணீர் இருக்கும்வரை சட்டிக்குள் வெப்பம் 100 டிகிரியைத் தாண்டாது, தாண்டாதவரை கறி சிவக்காது. சிவக்கும் வேதிவினை வேகம் பிடிப்பதற்கு ஏறத்தாழ 140 டிகிரி வேண்டும். எனவே கிளறிக்கொண்டே இருந்தால், ஒரு கட்டத்தில் கொதிக்கும் ஓசை அடங்கி, எண்ணெயில் பொரியும் ஓசை கேட்கத் தொடங்கும். காதை வைத்துத்தான் அதைப் பிடிக்க வேண்டும். அதன்பின் கிளறுவதை நிறுத்தி, இரண்டு நிமிடம் அப்படியே விட்டு, அடியில் பழுப்பு ஏறியதும் திருப்பிப் போட்டேன். சட்டியின் அடியில் ஒட்டியிருக்கும் பழுப்புப் படலத்தைப் பார்த்துப் பயப்பட வேண்டாம். கருகாதவரை அதுவே சாஸின் சாரம். பிறகு அரை டம்ளர் பால் ஊற்றி அந்தப் படலத்தைச் சுரண்டிக் கரைத்தேன். கறியில் பால் ஊற்றுவது விசித்திரமாகத் தோன்றும், ஆனால் போலோஞ்ஞாவின் பதிவுபெற்ற முறையிலேயே பால் உண்டு. தக்காளியின் புளிப்பை அது மட்டுப்படுத்துகிறது.

பால் வற்றியதும் எடுத்து வைத்த காய்கள், தட்டிய பூண்டு நான்கு பல், பிசைந்த தக்காளி, உப்பு, ஒரு தேக்கரண்டி மிளகுத்தூள், ஒரு பிரிஞ்சி இலை ஆகியவற்றைச் சேர்த்து, மூடியை முழுவதும் மூடாமல் சாய்த்து வைத்து, மெல்லிய தீயில் ஒன்றரை மணி நேரத்துக்கு மேல் விட்டேன். நேரமில்லாதவர்கள் குக்கரில் ஐந்து விசில் விடலாம். ஆனால் குக்கரிலிருந்து ஆவி வெளியேறுவது மிகக் குறைவு என்பதால், திறந்த பிறகு எப்படியும் இருபது நிமிடம் வற்ற வைத்தே ஆக வேண்டும்.

சமையலறை வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்த அம்மாவுக்குத்தான் மனம் ஆறவில்லை. "ஏண்டா, கறிக்கு ஒரு பட்டை லவங்கம்கூடப் போடாமலா? இஞ்சி பூண்டு விழுதுமா இல்ல?" என்றார். இல்லை என்பதில் நான் உறுதியாக இருந்தேன். பட்டையும் இஞ்சியும் விழுந்தால் அது சால்னாவாகிவிடும். சால்னா நல்ல பண்டம்தான், ஆனால் அதன் மேல் சீஸும் வெள்ளை சாஸும் ஊற்றினால் இரண்டும் ஒன்றையொன்று கெடுக்கும். மணத்துக்கு நான் போட்டது காய்ந்த ஆரிகானோ ஒரு தேக்கரண்டியும், இறக்கும் நேரத்தில் கிள்ளிப் போட்ட திருநீற்றுப்பச்சிலையும். வீட்டு மாடத்துத் துளசி வேறு இனம், அதில் கிராம்பு வாடை தூக்கலாக இருக்கும். ஆனால் வெயில் காலத்தில் சர்பத்தில் ஊறப்போடும் சப்ஜா விதையைத் தரும் திருநீற்றுப்பச்சிலையும், இத்தாலியர்களின் பேசிலும் ஒரே தாவர இனம். நம் ஊர் வகையில் காரம் சற்று அதிகம், எனவே பத்து இலை போதும்.

இனிக் கத்தரிக்காய். அணைக்கட்டுப் பக்கத்து இலவம்பாடி முள் கத்தரிக்காய்க்கு 2023இல் புவிசார் குறியீடு கிடைத்த பிறகு வெளியூர்க்காரர்களும் கேட்டு வாங்குகிறார்கள். காம்பிலும் காம்பை ஒட்டிய பச்சைத் தொப்பியிலும் முள் இருக்கும். பையில் கைவிட்டு அள்ளினால் விரலில் குத்தும். தொப்பியைப் பிடித்துக்கொண்டு வெட்டக் கூடாது, காயைப் பிடித்துக்கொண்டு தொப்பியை முதலில் நறுக்கித் தள்ளிவிட வேண்டும். சதைப்பற்றுள்ள, கசப்பில்லாத காய். 600 கிராம் எடுத்து, தோலோடு, ஒரு சென்டிமீட்டர் கனத்தில் வட்டமாக நறுக்கினேன். அதைவிட மெல்லியதாக நறுக்கினால் சுட்ட பிறகு காய் இருந்த இடமே தெரியாது.

நறுக்கிய வட்டங்களை வடிதட்டில் பரப்பி, இரண்டு தேக்கரண்டி பொடி உப்பைத் தூவி, அரை மணிக்கு மேல் வைத்தேன். சிறிது நேரத்தில் ஒவ்வொரு வட்டத்தின் மேலும் குண்டூசித் தலையளவு துளிகள் அரும்பி, பிறகு ஒன்றோடொன்று சேர்ந்து, இளம்பழுப்பு நீராக வடியும். கசப்பைப் போக்கத்தான் இப்படி என்று பழைய சமையல் குறிப்புகள் சொல்லும். இந்தக் காயில் போக்குவதற்குக் கசப்பே கிடையாது. உண்மையான பயன் வேறு. கத்தரிக்காயின் உள்ளே காற்றறைகள் நிறைந்திருப்பதால்தான் அது எண்ணெயை உறிஞ்சுகிறது. உப்பு உள்ளிருக்கும் நீரை வெளியே இழுத்ததும் அந்த அறைகள் தளர்ந்து சரிந்து, எண்ணெய் புக இடம் குறைகிறது. இரண்டு உள்ளங்கைகளுக்கு நடுவே வைத்து அழுத்தி, துணியில் ஒற்றி எடுத்து, கைக்கு நாலைந்தாகக் காய்ந்த எண்ணெயில் பொரித்தேன். எண்ணெயில் முதலில் நுரை பொங்கும், நுரை அடங்கினால் நீர் அடங்கிவிட்டது என்று பொருள். அப்போது எடுத்தால் இருபுறமும் செம்மரநிறத்தில் இருக்கும். பொரித்து அடுக்கிய தட்டில் பாதி, தட்டு ஓவனைக் காண்பதற்கு முன்பே குறைந்துவிடும் என்பதையும் கணக்கில் வைத்துக்கொண்டு வாங்குவது நல்லது.

வெள்ளை சாஸ் மெசினாவின் பழைய முறையில் கிடையாது. இருந்தும் நான் ஊற்றினேன். நம் வீடுகளில் இருக்கும் சிறிய ஓவன்களில் மேல்கம்பி உணவுக்கு மிக அருகில் இருக்கிறது. மூடி எடுத்த பத்தாவது நிமிடத்திலேயே மேல்வரிசைப் பாஸ்தா எலும்பாகிவிடும். மாவுப்பசையால் பிணைக்கப்பட்ட பால், தக்காளிச் சாற்றைப்போல் ஓடிப்போகாமல் தன் ஈரத்தைப் பிடித்துவைத்துக்கொண்டு ஒரு போர்வையாக இருக்கிறது. 50 கிராம் உப்பில்லாத வெண்ணெயை உருக்கி, 50 கிராம் மைதாவைச் சேர்த்து, நிறம் மாறாமல் இரண்டு நிமிடம் வறுத்து, 700 மில்லி பாலைக் கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றிக் கம்பி மத்தால் கலக்கினேன். ஆவின் பச்சை உறைப் பாலில் 4.5 சதவீதம் கொழுப்பு இருப்பதால் அதுவே போதும். கொதி வந்தவுடன் கெட்டிப்பட்டுவிடும், ஆனால் உடனே இறக்கினால் பச்சை மாவு வாடை இருக்கும். கொதித்த பிறகும் ஐந்தாறு நிமிடம் தொடர்ந்து கலக்க வேண்டும். பதம், ஆப்ப மாவு அளவுக்கு. உப்பும், துருவிய ஜாதிக்காய் ஒரு சிட்டிகையும் சேர்த்தேன். ஜாதிக்காயைக் கண்ட பிறகுதான் அம்மா சற்றுச் சமாதானமானார்.

பாஸ்தாவில், கோடு போட்ட பென்னே என்ற குழல் வகை 400 கிராம். உறையில் டூரம் கோதுமை ரவை என்று எழுதியிருக்கிறதா என்று பார்த்து வாங்க வேண்டும். மைதாவில் செய்தது இருமுறை வெப்பத்தைத் தாங்காமல் குழைந்துவிடும். நான்கு லிட்டர் தண்ணீருக்கு 40 கிராம் உப்பு. எங்கள் தெருவில் போர் தண்ணீர் வாயில் வைத்தாலே உவர்க்கும், ஆகவே குடிதண்ணீரில்தான் வேகவைத்தேன்.

உறையில் 12 நிமிடம் என்று போட்டிருந்தது. 8 நிமிடத்தில் வடித்தேன். 100 கிராம் உலர்ந்த பாஸ்தா முழுதாக வெந்தால் 220 கிராமுக்கு மேல் ஆகும், அதாவது தன் எடையைவிட அதிகமான தண்ணீரைக் குடித்திருக்கும். நாலு நிமிடம் முன்னதாக எடுத்தால் அது இன்னும் குடிக்கக் காத்திருக்கிறது. மிச்சத்தை உப்புத் தண்ணீருக்குப் பதிலாகக் கறிச் சாஸிலிருந்து குடிக்கட்டும் என்பதுதான் திட்டம். ஒரு குழலைக் கடித்துப் பார்த்தால் நடுவே வெள்ளைப் புள்ளி தெரிய வேண்டும், பல்லுக்குத் தெளிவாக எதிர்ப்புக் கொடுக்க வேண்டும். முழுதாக வெந்த பாஸ்தாவைத் தட்டில் வைத்தால் அதற்கு மேல் உறிஞ்சவும் முடியாது, உறுதியாக நிற்கவும் முடியாது. குளிர்ந்த தண்ணீரில் அலசுவதும் கூடாது. மேலே ஒட்டியிருக்கும் மாவுச்சத்துதான் சாஸைப் பிடிக்கிறது. வடித்த தண்ணீரில் இரண்டு டம்ளரைத் தனியே எடுத்து வைத்தேன்.

ஈரத்தை இவ்வளவு விரட்டிய பிறகு, இப்போது அளந்து திரும்பக் கொடுக்க வேண்டிய கட்டம். சூடான பாஸ்தாவை, சாஸில் மூன்றில் இரண்டு பங்கோடும், வெள்ளை சாஸில் மூன்றில் ஒரு பங்கோடும், வடித்த தண்ணீர் ஒரு டம்ளரோடும் கலந்தேன். அப்போதே சாப்பிடுவதாக இருந்தால் இது மிகவும் தளர்ந்திருக்கிறது என்று எவருக்கும் தோன்ற வேண்டும். 33 சென்டிமீட்டர் நீளமும் 23 சென்டிமீட்டர் அகலமும் உள்ள எவர்சில்வர்த் தட்டில் வெண்ணெய் தடவி, அடியில் ஒரு கரண்டி சாஸைப் பரப்பி, பாஸ்தாவில் பாதியைப் போட்டு, அதன்மேல் கத்தரிக்காய் வட்டங்கள், வில்லைகளாக நறுக்கிய நான்கு அவித்த முட்டைகள், துருவிய மொசரெல்லாவில் பாதி. பிறகு மீதிப் பாஸ்தா, மீதிச் சாஸ், மேலே வெள்ளை சாஸ், கடைசியில் மீதி மொசரெல்லாவும் ஒரு கைப்பிடி கெட்டிச் சீஸ் துருவலும். மொசரெல்லா மொத்தம் 200 கிராம். பீட்சாவுக்கென்று கட்டியாக விற்பதுதான் இதற்கு ஏற்றது. உப்புநீரில் மிதக்கும் உருண்டை மொசரெல்லாவில் ஈரம் அதிகம், உருகும்போது எல்லாவற்றையும் சொதசொதப்பாக்கும்.

ஓவனுக்குள் வைப்பதற்கு முன் தட்டை ஒரு பக்கம் லேசாகச் சாய்த்துப் பார்த்தேன். சாஸ் மெதுவாக நகர்ந்து ஓரத்தில் ஒரு கோடாகச் சேர்ந்தால் அளவு சரி. எதுவுமே அசையாவிட்டால் எடுத்து வைத்த தண்ணீரில் கொஞ்சத்தை ஓரங்களில் ஊற்ற வேண்டும். குட்டையாகத் தேங்கினால் சாஸ் வற்றவில்லை என்று பொருள், மூடாமல் சுடுவதைத் தவிர அந்த நிலையில் வேறு வழியில்லை.

ஓவனைப் பற்றிச் சில சொற்கள். எங்களுடையது 40 லிட்டர், 2000 வாட். 230 வோல்ட்டில் ஏறத்தாழ 8.7 ஆம்பியர் இழுக்கும் என்பதால் 16 ஆம்பியர் பிளக்கில்தான் செருக வேண்டும். கோடைக்கால மாலைகளில் தெருவெல்லாம் ஏசி ஓடத் தொடங்கும்போது மின்னழுத்தம் இறங்கிவிடுகிறது. கம்பி தரும் வெப்பம் வோல்ட்டின் இருமடியைப் பொறுத்தது ஆகையால், 200 வோல்ட்டுக்கு இறங்கினால் 2000 வாட் கம்பி 1500 வாட்தான் தரும். குமிழில் 200 என்று வைத்திருந்தாலும் அந்த நிலைக்கு வர நேரம் பிடிக்கும், மேல்பகுதி சிவப்பதும் தாமதமாகும். காலை பதினொரு மணிக்குச் சுட்டது அதனால்தான். இருபது நிமிடம் முன்சூடு செய்து, நடுத்தட்டில் வைத்து, அலுமினியத் தாளால் மூடி 180 டிகிரியில் 20 நிமிடம். பிறகு தாளை எடுத்துவிட்டு 200 டிகிரியில் மேலும் 20 நிமிடம். தாள் சாஸைத் தொடாமல் கூடாரமாக மூட வேண்டும், தக்காளியின் அமிலம் அலுமினியத்தை அரிக்கும். எங்கள் ஓவனில் பின்பக்க வலது மூலை அதிகம் காயும், ஆகவே தாளை எடுத்தபோதே தட்டையும் திருப்பி வைத்தேன். ஓரங்களில் குமிழி எழுந்து, நாலு மூலையிலும் பாஸ்தா நுனிகள் கருஞ்சிவப்பாகக் காந்தத் தொடங்கியதும் நிறுத்தினேன். அந்தக் காந்தல் மூலைகளுக்கு இத்தாலியிலும் போட்டி உண்டு. எங்கள் வீட்டில் அது தங்கைக்கென்று ஒதுக்கப்பட்டது.

ஓவன் இல்லாதவர்களுக்கும் வழியிருக்கிறது. தம் போடத் தெரிந்த ஊரில் இதைச் சொல்வதற்குத் தயக்கமே இல்லை: அடிகனமான வாய் அகன்ற பாத்திரத்தில் இதே வரிசையில் அடுக்கி, பழைய தோசைக்கல்லின் மேல் மெல்லிய தீயில் வைத்து, தட்டையான மூடியின் மேல் தணலைப் பரப்பினால் அரை மணியில் உள்ளே எல்லாம் பிடித்துக்கொள்ளும். மூடியின் உட்புறத்தில் சேரும் ஆவிநீரை நடுவில் ஒருமுறை துடைத்துவிட வேண்டும். மேலே சிவப்பு அவ்வளவாக ஏறாது, ஆனால் அடியில் காந்தல் நன்றாக வரும்.

வெளியே எடுத்த தட்டை இருபது நிமிடம் தொடக் கூடாது. கொதிக்கும் நிலையில் சாஸ் தண்ணீராகத்தான் இருக்கும். சூடு இறங்க இறங்க மாவுச்சத்து இறுகி, பாஸ்தா கடைசிச் சொட்டை உறிஞ்சி, துண்டு போட்டால் சரியாமல் நிற்கும். வேலூர் வெயிலில் இருபது நிமிடத்தில் எதுவும் ஆறிப்போய்விடாது, கவலைப்பட வேண்டாம். அன்று வெட்டிய முதல் துண்டில் முட்டை வில்லையும் கத்தரிக்காயும் தனித்தனி வரியாகத் தெரிந்தன, தட்டின் அடியில் எண்ணெயின் மெல்லிய படலத்தைத் தவிர வேறு நீர் இல்லை. தொட்டுக்கொள்ள வெள்ளரிக்காயும் வெங்காயமும் எலுமிச்சைச் சாறு பிழிந்து வைத்தோம். இதற்கு மேல் கனமான எதுவும் உடன் வேண்டாம்.

சைவம் மட்டும் உண்பவர்களுக்காகச் சிறிய தட்டு ஒன்றைத் தனியாகச் செய்திருந்தேன். கைமாவுக்குப் பதில் பொடியாக நறுக்கிய காளான் 400 கிராம். அதுவும் கறியைப்போலவே முதலில் நீர் விட்டு, நீர் வற்றிய பிறகுதான் சிவக்கும். முட்டைக்குப் பதிலாக, ரிக்கோட்டா என்ற மென்மையான சீஸ் கிடைக்காத ஊரில், ஒரு லிட்டர் பாலைக் கொதிநிலைக்குச் சற்று முன் எலுமிச்சைச் சாறு விட்டுத் திரித்து, மல்துணியில் கால் மணி நேரம் மட்டும் வடியவிட்டேன். பன்னீருக்குச் செய்வதுபோல் கல் வைத்து அழுத்தவில்லை. உதிராமல் பூசும் பதத்தில் இருக்க வேண்டும். சீஸ் விஷயத்தில் மட்டும் எச்சரிக்கை வேண்டும்: உண்மையான பார்மிஜானோ ரெஜ்ஜானோவைக் கன்றின் இரைப்பையிலிருந்து எடுக்கும் ரென்னெட்டைக் கொண்டுதான் உறைய வைக்கிறார்கள், எனவே அது சைவம் ஆகாது. பச்சைப் புள்ளி போட்ட உள்நாட்டுக் கெட்டிச் சீஸை வாங்கினால் அந்தச் சங்கடம் இல்லை.

மிஞ்சியதை இரண்டு மணி நேரத்துக்குள் குளிர்பெட்டியில் வைத்துவிட வேண்டும். நம் ஊர்ச் சூட்டில் மாலைவரை மேசையில் கிடந்தால் பாலும் கறியும் கெட்டுவிடும். மறுநாள் துண்டுகளைச் சுற்றி இரண்டு கரண்டி பால் ஊற்றி, தாளால் மூடி, 160 டிகிரியில் கால் மணி நேரம் சூடாக்கினால் பழைய பதம் வந்துவிடும். கண்ணாடித் தட்டில் வைத்திருந்தால் குளிர்பெட்டியிலிருந்து நேராகச் சூடான ஓவனுக்குள் வைக்காமல், முக்கால் மணி நேரம் வெளியே விட்டு, ஓவனையும் தட்டோடு சேர்த்தே சூடேற்றுங்கள். இல்லையென்றால் விரிசல் விடும். அம்மா இந்த முறையை ஏற்கவில்லை. தோசைக்கல்லில் கொஞ்சம் நெய் விட்டு, துண்டை வெட்டுப்பக்கம் கீழே இருக்கும்படி வைத்து, இருபுறமும் முறுகவிட்டு எடுத்தார். சுவையில் அதுவே மேல் என்று நான் ஒப்புக்கொண்டேன்.